ஸ்டேஷன மூடுன்னு நாமளே கத்தலாமா?

ஆசிரியர் ஐயாவுக்கு வணக்கம்.

2025 மார்ச்ல ஏரா எஃப்எம்ங்கிற மலாய் ரேடியோ ஸ்டேஷன் அறிவிப்பாளர்ங்க மூணு பேரு 'வேல் வேல்'னு கத்திக்கிட்டு காவடி ஆட்டத்த கிண்டல் பண்ண வீடியோவ பாத்தப்ப எனக்கும் ரத்தம் கொதிச்சுச்சு. விரதம் இருந்து அலகு குத்தி பத்துமலை படி ஏறுறவங்கள பக்கத்துல நின்னு பாத்திருந்தா அப்படி ஆடியிருக்க மாட்டாங்க. சரி, மன்னிப்பு கேட்டாங்க, நிலையத்துக்கு 250,000 ரிங்கிட் அபராதமும் போட்டாங்க. ஆனா எங்க வாட்சப் குரூப்புல இன்னமும் ஸ்டேஷனையே இழுத்து மூடணும்னு எழுதுறாங்க பாருங்க, அதுதான் எனக்கு ஒத்துவரல.

2007 ஆகஸ்ட மறந்துட்டோமா? நம்ம தமிழ் பேப்பர் மக்கள் ஓசை முதல் பக்கத்துல இயேசுநாதர் கையில சிகரெட்டும் பீர் டின்னும் இருக்கிற மாதிரி படம் வந்துச்சு, தப்புதான், யாரும் இல்லன்னு சொல்லல, பேப்பரும் மன்னிப்பு கேட்டுச்சு, கோலாலம்பூர் கத்தோலிக்க பேராயரும் அத ஏத்துக்கிட்டாரு, அப்பவும் ஒரு மாசம் பேப்பர் வரக்கூடாதுன்னு உத்தரவு போட்டாங்க. படத்த எடுத்து போட்டது யாரோ, ஆனா அடிபட்டது மெஷின் ஓட்டுறவரு, விடியக்காலையில மோட்டர்ல பேப்பர் போடுறவரு, தமிழ் பேப்பர் இல்லாம காலையில காப்பி எறங்காத நம்ம பெருசுங்க. அதுக்கு முந்தின வருஷம்தான் நபிகள் நாயகத்த பத்தின டென்மார்க் கார்ட்டூன போட்டதுக்கு சரவாக் டிரிபியூன்ங்கிற இங்கிலீஷ் பேப்பரும் நின்னு போச்சு. 1984 அச்சக சட்டத்துல உள்துறை அமைச்சருக்கு பேப்பர நிறுத்துற அதிகாரம் இருக்கு. 2012ல வருஷா வருஷம் பெர்மிட் புதுப்பிக்கிற தொல்லைய எடுத்தாங்க, ஆனா முடக்குற அதிகாரம் இன்னும் இருக்கு. இன்னைக்கு அவன் ஸ்டேஷன மூடுன்னு நாம சொன்னா நாளைக்கு நம்ம பேப்பர மூடும்போது எந்த மூஞ்சிய வெச்சுக்கிட்டு கேக்குறது?

இன்னொன்னு, இத சொன்னா சில தலைவருங்களுக்கு கோவம் வரும். கோயில் கணக்க பத்தி யாராச்சும் எழுதினா ஒடனே 'பக்தர்கள் மனசு புண்படுது'ன்னு கெளம்பிடுறாங்க. சாமிய கிண்டல் பண்றதும் உண்டியல் பணம் எங்கன்னு கேக்குறதும் ஒன்னா? புண்படுறது பக்தர் மனசா, இல்ல கமிட்டி மனசா?

தப்பு செஞ்சவங்கள கேளுங்க, கண்டிப்பா கேளுங்க. பத்திரிகைங்கள பத்தி புகார் கொடுக்கத்தான் இப்ப ஊடக மன்றம்னு சட்டம் போட்டு 2025ல கொண்டு வந்துட்டாங்களே, எடுத்தவொடனே போலிஸ் ரிப்போர்ட்டுக்கு ஓடாம மொதல்ல அங்க எழுதி போடலாம்ல. எப்படி எழுதணும்னு நம்ம ஆளுங்க நெறைய பேருக்கு தெரியாது, உங்க பேப்பர்லயே ஒரு கட்டம் கட்டி போடுங்க ஐயா.

இப்படிக்கு,
செந்தூல் வாசகர், கோலாலம்பூர்