எண் புதிரும் சிறுத்தை வதந்தியும்

ஆசிரியருக்கு வணக்கம்.

கோத்தகிரிப் பக்கம் சிறுத்தை வந்திருக்கிறது என்று வாட்ஸ்அப்பில் ஒரு படம் பரவிவிட்டால் போதும், அப்புறம் நாய் குரைத்தாலும் சிறுத்தை, கோழி காணாமல் போனாலும் சிறுத்தைதான். படம் எந்த ஊரில் எடுத்தது என்று யாரும் கேட்பதில்லை. இங்கே சிறுத்தையும் கரடியும் நிஜமாகவே உண்டு, பயப்படுவது நியாயம். ஆனால் நம்பியதற்குச் சாதகமானதை மட்டுமே தேடும் பழக்கம் படித்தவர், படிக்காதவர் எல்லோருக்கும் இருக்கிறது.

1960-இல் பீட்டர் வேசன் என்ற ஆங்கிலேய உளவியலாளர் 2, 4, 6 என்ற எண்களைக் கொடுத்து, இவை எந்த விதிப்படி வருகின்றன, வேறு எண்களைச் சொல்லிச் சோதித்துக் கண்டுபிடியுங்கள் என்று மாணவர்களிடம் கேட்டார். பலர் 8, 10, 12 என்று இரண்டிரண்டாகக் கூட்டியே சோதித்துவிட்டு அதுதான் விதி என்று அடித்துச் சொன்னார்கள். உண்மையில் எண்கள் ஏறுவரிசையில் இருக்க வேண்டும், அவ்வளவுதான் விதி. 1, 2, 50 சரியா என்று ஒருமுறை கேட்டிருந்தால் அவர்கள் கணக்கு உடைந்திருக்கும்.

இந்தப் புதிரை நம் மலைப் பள்ளிகளில் பிள்ளைகளுக்குச் செய்துகாட்ட வேண்டும். சரி, பத்திரிகைக்கும் ஒரு வேண்டுகோள்: சிறுத்தைச் செய்தி போடும்போது கால்தடம் பார்த்தார்களா, வனத்துறை கேமராவில் பதிவானதா, இல்லையென்றால் இல்லை என்பதையும் சேர்த்தே போடுங்கள்.

— ஒரு வாசகர், கோத்தகிரி