ஸ்டாஃப் சார்ஜண்ட் பட்டைக்குக் காத்திருக்கும் தமிழ்ப் பிள்ளைகளுக்கு ஒரு திறந்த மடல்

அமெரிக்க விமானப்படையில் சீனியர் ஏர்மேனாகவும் ஸ்டாஃப் சார்ஜண்டாகவும் பணியில் இருக்கும் தம்பி தங்கைகளுக்கும், "பரீட்சைதானே, உட்கார்ந்து படிச்சா வராதா?" என்று போனில் கேட்கும் உங்கள் அம்மா அப்பாவுக்கும்,

வணக்கம்.

படித்தால் வரும், ஆனால் படிப்பால் மட்டும் வராது. பதவி உயர்வுப் புள்ளி என்பது மதிப்பெண் பட்டியல் அல்ல. ஒரு புள்ளி எங்கே மலிவாகக் கிடைக்கிறது, எங்கே அதற்கு ஒரு வருட உழைப்பு விலையாகிறது என்று தெரிந்துகொண்டு நேரத்தைச் செலவிடுபவர்தான் முன்னே போகிறார். பலருக்கு இந்தக் கணக்கை யாரும் உட்காரவைத்துச் சொல்லித் தருவதில்லை. அதனால் இந்த மடல்.

ஏர்மேன் பேசிக்கிலிருந்து சீனியர் ஏர்மேன் வரை காலம் போனால் உயர்வு வரும். மாஸ்டர் சார்ஜண்ட் ஆவதற்கும் அதற்கு மேலே போவதற்கும் ஒரு குழு உட்கார்ந்து உங்கள் பதிவேட்டைப் படிக்கும். நடுவில் இருக்கும் இரண்டு படிகள், அதாவது ஸ்டாஃப் சார்ஜண்டும் டெக்னிக்கல் சார்ஜண்டும், வாப்ஸ் என்ற புள்ளி முறையில் நடக்கின்றன. 1970 முதல் இருக்கும் முறை இது. பதவித் தகுதித் தேர்வுக்கு, அதாவது பி.எஃப்.இ.க்கு, 100 புள்ளி. உங்கள் தொழிற்பிரிவுக்கான எஸ்.கே.டி. தேர்வுக்கு 100. பதக்கங்களுக்கு அதிகபட்சம் 25. மேலதிகாரியின் மதிப்பீட்டு அறிக்கைக்கு 250. அடிப்படைக் கூட்டுத்தொகை 475.

பழைய ஆட்கள் சொல்லும் ஒரு கணக்கை முதலில் மறந்துவிடுங்கள். முன்பு ஒரே தரநிலையில் இருந்த காலத்துக்கு 60 புள்ளி, மொத்தப் பணிக்காலத்துக்கு 40 புள்ளி என்று நூறு புள்ளி வரை சும்மாவே சேரும். 2010-களின் நடுவில் அதை ஆண்டுக்கு மூன்றில் ஒரு பங்கு வீதம் குறைத்து, கடைசியில் முழுவதுமாக எடுத்துவிட்டார்கள். "பொறுமையா இரு, வருஷம் ஆனா தானா வரும்" என்பது அந்தக் காலத்து அறிவுரை. இன்று தேர்வில் உட்காரும் தகுதிக்கு மட்டுமே காலம் பார்க்கப்படுகிறது. ஸ்டாஃப் சார்ஜண்டுக்கு மூன்று வருடப் பணி, தரநிலையில் ஆறு மாதம், ஐந்தாம் நிலைத் தொழில்தகுதி. அதற்கு மேல் எத்தனை வருடம் இருந்தாலும் ஒரு புள்ளிகூட ஏறாது.

இனி அந்த 250. அறிக்கையின் பரிந்துரை ஐந்து வகை. 'ப்ரமோட் நவ்' என்றால் 250, 'மஸ்ட் ப்ரமோட்' என்றால் 220, 'ப்ரமோட்' என்றால் 200, 'நாட் ரெடி நவ்' என்றால் 150, 'டு நாட் ப்ரமோட்' என்றால் 50. முதல் இரண்டுக்கும் ஒதுக்கீடு உண்டு. தகுதி பெற்றவர்களில் 5 சதவீதம் பேருக்கு ப்ரமோட் நவ். மஸ்ட் ப்ரமோட், ஸ்டாஃப் சார்ஜண்ட் போட்டியில் 15 சதவீதம், டெக்னிக்கல் சார்ஜண்ட் போட்டியில் 10 சதவீதம். மீதியுள்ள எண்பது, எண்பத்தைந்து சதவீதத்தில் பெரும்பாலோர் அதே 200-இல் நிற்கிறார்கள்.

இங்கேதான் கணக்கு திரும்புகிறது. தாளில் பார்த்தால் பாதிக்கு மேல் அறிக்கையின் கையில். ஆனால் ஐந்தில் நான்கு பேருக்கு அறிக்கை ஒரே எண்ணைத் தருவதால், அவர்களுக்குள் யார் முன்னே யார் பின்னே என்பதைத் தீர்மானிப்பது இரண்டு தேர்வுகளும் சில பதக்கப் புள்ளிகளும்தான். ஆக, அம்மா அப்பா சொன்னது பாதி சரி. மீதிப் பாதி என்னவென்றால், ப்ரமோட் நவ் வாங்கியவருக்கும் உங்களுக்கும் 50 புள்ளி இடைவெளி. இரண்டு தேர்வையும் சேர்த்து அவரைவிட ஐம்பது அதிகம் எடுத்தால்தான் சமம். அது நடக்காத காரியம் இல்லை. ஆனால் நடக்கும் என்று நம்பித் திட்டம் போடாதீர்கள்.

பழைய அறிக்கைகளை எப்படிச் சேர்க்கிறார்கள் என்பதும் மாறியிருக்கிறது. முன்பு மூன்று அறிக்கை இருந்தால் புதியதற்கு 50, அடுத்ததற்கு 30, அதற்கடுத்ததற்கு 20 சதவீதம் என்று சராசரி போடுவார்கள். அதில் ஒரு கோணல் இருந்தது. ஒரே ஒரு அறிக்கை வைத்திருக்கும் புதியவர் ப்ரமோட் நவ் வாங்கினால் முழு 250. மூன்று வருடம் உழைத்தவர் இந்த வருடம் ப்ரமோட் நவ்வும் முந்தைய இரண்டு வருடமும் ப்ரமோட்டும் வாங்கியிருந்தால் 125, 60, 40 சேர்த்து 225. அனுபவம் இருந்ததற்காக 25 புள்ளி நஷ்டம். 2022 டெக்னிக்கல் சார்ஜண்ட் பதவி உயர்வுச் சுற்றிலிருந்து இதைத் திருத்தினார்கள். புதிய அறிக்கை அடித்தளம், பழையவை அதன் மேல் கூடுதலாகச் சேரும். எனவே 50-30-20 போட்ட எக்செல் தாளை யாராவது அனுப்பினால், நன்றி சொல்லி அழித்துவிடுங்கள்.

ப்ரமோட் நவ்வை உங்கள் நேரடி மேற்பார்வையாளர் தருவதில்லை. அவர் எழுதுகிறார், அவ்வளவுதான். உங்கள் தரநிலையில் தகுதியானவர்கள் பதினொரு பேரோ அதற்கு மேலோ இருக்கும் பிரிவு தனக்கென ஒதுக்கீடு பெறும். பத்து பேருக்குள் இருந்தால், மற்ற சிறு பிரிவுகளின் ஆட்களோடு சேர்த்து மேல்மட்டக் குழு ஒன்றுக்கு உங்கள் பெயர் போகும். சிறு பிரிவில் இருப்பவர்கள் இதை மனதில் வைக்க வேண்டும். அந்த மேசையில் உட்கார்ந்திருப்பவர்களில் பலர் உங்களைப் பார்த்ததே இல்லை. உங்கள் கமாண்டர் வாய்ச்சொல்லால் காப்பாற்றுவார் என்று இருக்க முடியாது. தாள்தான் பேச வேண்டும்.

அந்தத் தாளில் இடமும் குறைவு. பணியை நிறைவேற்றுதல், ஆட்களை வழிநடத்துதல், வளங்களைக் கையாளுதல், பிரிவை மேம்படுத்துதல் என்ற நான்கு தலைப்பும் ஒவ்வொன்றும் 350 எழுத்துக்குள் அடங்க வேண்டும், இடைவெளியும் சேர்த்து. "விமானப் பராமரிப்பில் சிறப்பாக உதவினார்" என்று எழுதினால் அந்த இடம் வீண். "இரவு ஷிப்டில் நால்வரை வழிநடத்தி, ஹைட்ராலிக் கசிவால் நின்றிருந்த இரண்டு சி-130 விமானங்களை 36 மணி நேரத்தில் பறக்கவிட்டார், ஒரு பயணமும் ரத்தாகவில்லை" என்பது மாதிரி செய்தது, அளவு, அதனால் யாருக்கு என்ன ஆனது என்ற மூன்றும் வர வேண்டும். இந்த எண்களை மேற்பார்வையாளர் நினைவில் வைத்திருக்க மாட்டார். அவருக்கும் ஐந்தாறு பேர், அவருக்கும் வேலை. மாதம் ஒருமுறை நீங்களே குறித்துவைத்து, நான்கு தலைப்பாகப் பிரித்து, அறிக்கை முடியும் தேதிக்கு ஆறு வாரம் முன்னே கொடுங்கள்.

முடியும் தேதி சீனியர் ஏர்மேனுக்கு மார்ச் 31, ஸ்டாஃப் சார்ஜண்டுக்கு ஜனவரி 31. அதற்கு மறுநாள் செய்தது அடுத்த வருடக் கணக்கு. ஏப்ரலில் முடியும் பயிற்சியை மார்ச்சில் முடித்துக்கொள்ள வழியிருந்தால் கேட்டுப் பாருங்கள்.

பட்டப்படிப்பு பற்றி வீட்டில் பெரிய எதிர்பார்ப்பு இருக்கும். தரைப்படையில் கல்லூரிப் பாட நேரத்துக்குப் பதவி உயர்வுப் புள்ளி உண்டு, கடற்படையிலும் பட்டத்துக்கு உண்டு. விமானப்படையின் வாப்ஸில் கிடையாது. உடற்தகுதித் தேர்வுக்கும் நேரடிப் புள்ளி இல்லை. படிக்க வேண்டாம் என்று சொல்லவில்லை, அது அறிக்கையில் ஒரு வரியாகலாம், பின்னால் வாழ்க்கைக்கும் உதவும். ஆனால் தேர்வுக்கு முந்தைய மூன்று மாதத்தில் இரண்டு பாடங்களுக்குப் பதிவு செய்துவிட்டு எஸ்.கே.டி.யைக் கோட்டைவிடுவது மோசமான வியாபாரம். உடற்தகுதி வேறு விதமாகக் கடிக்கும். அதில் தோற்று, அறிக்கை எதிர்மறைக் குறிப்போடு முடிந்தால் அந்தச் சுற்றில் போட்டியிடும் தகுதியே போகும்.

பதக்கம்: அச்சீவ்மென்ட் மெடலுக்கு 1, கமெண்டேஷன் மெடலுக்கு 3, மெரிட்டோரியஸ் சர்வீஸ் மெடலுக்கு 5. குட் காண்டக்ட் மெடலுக்கு எதுவும் இல்லை. பதக்கத்துக்கான பணிக்காலம் முடியும் தேதி சுற்றின் தகுதித் தேதிக்குள் இருக்க வேண்டும், விண்ணப்பமும் தேர்வுப் பட்டியல் தயாராகும் முன்பே கணினியில் ஏறியிருக்க வேண்டும். "சார், போட்டாச்சு" என்ற வார்த்தைக்குப் புள்ளி கிடையாது.

இப்போது தேர்வுகள். 2022 முதல் பி.எஃப்.இ.யில் அறுபது கேள்வி. நாற்பது அறிவுக் கேள்விகள், இருபது சூழல் கேள்விகள். அறுபதை நூறுக்கு விரித்தால் ஒரு கேள்வி ஏறத்தாழ 1.7 புள்ளி. அதாவது ஒரு கமெண்டேஷன் மெடலின் மூன்று புள்ளியை இரண்டு சரியான விடை தாண்டிவிடும். பதக்கத்துக்காக அலுவலகம் அலுவலகமாக நடப்பவர்கள் இதை ஒருமுறை கணக்குப் போட்டுப் பார்க்கட்டும். குறைந்தபட்ச எல்லையும் உண்டு: ஒவ்வொன்றிலும் 40, இரண்டும் சேர்ந்து 90. இரண்டிலும் நாற்பது நாற்பது எடுத்தால் தோல்வி.

பி.எஃப்.இ.க்கு ஏர்மேன் கையேடு, அதாவது ஏ.எஃப்.எச். 1, ஒன்றுதான் மூலம். அதில் உங்கள் தரநிலைக்கு உரிய பகுதி எது என்று பிரித்துக் காட்டியிருப்பார்கள். வாங்கும் போட்டித் தேர்வு கைடுகளைவிட அது மேல். சூழல் கேள்வியில் ஒரு பணியிடச் சிக்கலைச் சொல்லி நான்கு நடவடிக்கை தருவார்கள். எது மிகப் பொருத்தம், எது மிகவும் பொருந்தாதது என்று குறிக்க வேண்டும். இங்கே நம் வளர்ப்பு கொஞ்சம் குறுக்கே வரும். பெரியவர் பேச்சைத் தட்டாதே, பிரச்சினையை மேலே கொண்டுபோ என்பது நம் முதல் எண்ணம். உங்கள் அதிகாரத்துக்குள் தீர்க்கக்கூடியதைச் சம்பந்தப்பட்டவரிடம் நேரே பேசித் தீர்ப்பதை விட்டு, உடனே மேலே தள்ளும் விடை பெரும்பாலும் சிறந்த விடை ஆகாது. பாதுகாப்பும் சட்டமீறலும் வந்தால் மட்டும் அது தலைகீழ்.

எஸ்.கே.டி.யில் தோற்பவர்கள் பெரும்பாலும் வேலை தெரியாதவர்கள் அல்ல, வேலை நன்றாகத் தெரிந்தவர்கள். டெக்சாஸில் ராண்டால்ஃப் தளத்தில், உங்கள் தொழிலைச் சேர்ந்த மூத்த சார்ஜண்டுகள் உட்கார்ந்து அந்தக் கேள்விகளை எழுதுகிறார்கள். பட்டியலில் உள்ள புத்தகங்களிலிருந்து மட்டும். உங்கள் ஹேங்கரில் எல்லோரும் செய்யும் குறுக்குவழி அங்கே தவறான விடையாக உட்கார்ந்திருக்கும். முதல் வேலை, அந்த வருடத்துக் குறிப்புப் பட்டியலை எடுத்து ஒவ்வொரு நூலின் பதிப்புத் தேதியையும் சரிபார்ப்பது. நண்பர் கொடுத்த பழைய பதிப்பில் மாறிப்போன ஒரு அத்தியாயம் மூன்று கேள்வியைத் தின்றுவிடும்.

பன்னிரண்டு வாரம் போதும். முதல் நான்கு வாரம் எஸ்.கே.டி. நூல்களை ஒருமுறை முழுதாகப் படித்து, ஒவ்வொரு பத்தியையும் உங்கள் கையால் ஒரு கேள்வியாக மாற்றுங்கள். அடுத்த நான்கில் கையேட்டுக்கும் அதையே செய்யுங்கள், வாரத்தில் ஒருநாள் எஸ்.கே.டி. கேள்விகளுக்குத் திரும்புங்கள். கடைசி நான்கில் படிப்பதை நிறுத்திவிட்டு விடைகளை மூடிவைத்துக் கேள்விகளை மட்டும் போட்டுப் பாருங்கள். தவறியவற்றைத் தனிக் கட்டாகப் பிரித்து, அந்தக் கட்டை மட்டும் திரும்பத் திரும்ப. மஞ்சள் கோடு போட்டுக்கொண்டே வாசிப்பதால் படித்த திருப்திதான் வரும், புள்ளி வராது. விடையை விட்டுவிட்டு வராதீர்கள். தெரியாததையும் ஊகித்துக் குறியுங்கள். சில தொழில்களுக்கு எஸ்.கே.டி. கிடையாது, அங்கே பி.எஃப்.இ. இரட்டிப்பாகக் கணக்கிடப்படும்.

ஒரு எச்சரிக்கை. ஊரில் நாம் கூட்டாகப் படித்துப் பழகியவர்கள். இங்கே வேண்டாம். கோடு போட்ட புத்தகத்தைப் பகிர்வது, கேள்வி தயாரித்து மாற்றிக்கொள்வது, தேர்வு முடிந்து வெளியே வந்து "உனக்கு அந்தக் கேள்வி வந்துச்சா?" என்று கேட்பது ஆகியவற்றைத் தேர்வு ரகசிய மீறலாகப் பார்க்கும் விதிகள் உண்டு. இராணுவச் சட்டப்படி தண்டனை வரை போகும். தேர்வு அறிவிப்பில் கையெழுத்துப் போடும்முன் அதை வரிவரியாகப் படியுங்கள்.

இவ்வளவு செய்தும் பதிவேட்டில் இல்லாதது பூஜ்யம். தரவுச் சரிபார்ப்புத் தாளை, டி.வி.ஆர். என்பார்கள், தேர்வுச் சுற்று தொடங்கியதும் எடுங்கள். தொழிற்பிரிவு எண், தரநிலைத் தேதி, ஒவ்வொரு பதக்கத்தின் பெயர், முடியும் தேதி, அறிக்கைகள். தொழிற்பிரிவு எண் தவறானால் தவறான தேர்வை எழுதி, தவறான ஆட்களோடு போட்டியிடுவீர்கள். பிழை தெரிந்தால் மின்னஞ்சலில் எழுத்தாகக் கேளுங்கள், பதிலைச் சேமியுங்கள். பட்டியல் வந்தபின் பிழை தெரிந்தால் துணைப் பரிசீலனை கேட்க வழி உண்டு. ஆனால் முன்பே சரிபார்த்துத் திருத்த முயன்றீர்களா என்பதுதான் முதல் கேள்வி. அந்த மின்னஞ்சல் இல்லையென்றால் பெரும்பாலும் கதவு மூடிவிடும்.

கடைசியாக, பெற்றோருக்கு. கட்-ஆஃப் என்ற சொல் கவுன்சிலிங் புண்ணியத்தால் உங்களுக்கு நன்றாகத் தெரியும். இங்கே ஒவ்வொரு தொழிற்பிரிவுக்கும் தனிக் கட்-ஆஃப். காலி இடமும் போட்டியிடுபவர்களும் வேறு வேறு. 330 எடுத்த பக்கத்து வீட்டுப் பையனுக்குப் பட்டை கிடைத்து, 345 எடுத்த உங்கள் பெண்ணுக்குக் கிடைக்காமல் போகலாம். அதில் யார் குறையும் இல்லை. பிள்ளைக்கு வரும் ஸ்கோர் நோட்டீஸில் அவர் எண், அந்தப் பிரிவின் கட்-ஆஃப், வரிசையில் அவர் இடம் மூன்றும் இருக்கும். இரண்டு புள்ளியில் போயிருந்தால் அடுத்த வருடம் தேர்வைப் பாருங்கள். முப்பதில் போயிருந்தால் அறிக்கையைப் பாருங்கள். பக்கத்து வீட்டைப் பார்க்க வேண்டாம்.

அன்புடன்,
சீருடையைக் கழற்றிவைத்த மூத்தவர்கள் சிலர்