குளத்துத் தண்ணியும் குப்பி லாம்பும்

மச்சான்,

உன் இரண்டு கடிதத்துக்கும் பதில் போடவில்லை. திட்டுவதைத் திட்டி முடி, பிறகு படி. முழங்கால் வலி அப்படியேதான். மகள் கொழும்பில் சுகம். கோத்தகிரிக் குளிர் நம் நுவரெலியாக் குளிரைவிட மோசம் என்று எழுதியிருந்தாய். நம்ப மாட்டேன்.

சரி, விஷயம் இதுதான். போன ஞாயிறு பேரனைக் கிரகரி வாவிக்குக் கூட்டிப் போனேன். பள்ளிக்கூடத்துக்கு டிமிக்கி கொடுத்துவிட்டு நாம் தூண்டில் போட்ட கரைக்குள் நுழைய இப்போது டிக்கட். அன்னப் படகு, வாடகைக் குதிரை, அவித்த சோளம். குதிரையைக் கண்டதும் உன் கதையைச் சொல்லிவிட்டேன். பயல் விழுந்து விழுந்து சிரித்தான்.

கவர்னர் கிரகரி காலத்தில், 1873இல், சதுப்பாகக் கிடந்த இடத்தில் பீதுருதலாகலைப் பக்கமிருந்து வரும் ஓடையை மறித்துக் கட்டிய குளம் என்று பெருமையாக அளந்தேன். அவன் அதைக் காதிலேயே போடவில்லை. "இந்தத் தண்ணி எங்க போகுது தாத்தா?" என்றான். சுரங்கம் வழியாக பிளாக்பூல் பவர் ஹவுசுக்கு, 1913இலேயே கரண்டுக்காகத் திருப்பிவிட்டார்கள் என்றேன். "அப்ப நீங்க சின்னதுல எல்லா வீட்லயும் லைட் இருந்துச்சா?"

மச்சான், அந்த இடத்தில் எனக்குப் பேச்சு வரவில்லை. தேயிலைத் தோட்டத்து மேக்கணக்கில், நம் வரிசை வீட்டு லயத்து வாசலில் நின்று இரண்டு பேரும் டவுன் லைட்டை எண்ணுவோமே, ஞாபகமிருக்கிறதா? துரை பங்களாவிலும் எரியும். நமக்கு மண்ணெண்ணெய்க் குப்பி லாம்பு. புகையில் மூக்கு கறுத்துப் போய் மறுநாள் கணக்கு வாத்தியாரிடம் நீ வாங்கிய அடி! குளம் நம் காலடியில், கரண்டு அங்கேயே பிறந்தது, லயத்துப் படியேற மட்டும் அதற்கு அத்தனை வருஷம் வழி தெரியவில்லை. அந்த வயதில் அது நமக்கு உறைக்கவே இல்லை. மழை, பனி மாதிரி அதுவும் ஒன்று என்று இருந்துவிட்டோம். இப்போது யோசித்தால்தான் வயிறு எரிகிறது.

பேரன் குப்பி லாம்பைப் பார்த்தே ஆக வேண்டும் என்று ஒரே அடம். பரணைக் கிளறினேன். இந்தியாவுக்குக் கப்பல் பிடிக்கத் தலைமன்னாருக்கு ரயிலேறும் அன்று காலையில் நீ என் கையில் திணித்துவிட்டுப் போனது, இன்னும் இருக்கிறது. மூடி துருப்பிடித்துவிட்டது. உங்கள் அம்மா திரிக்கு எந்தத் துணியைத் திரிப்பார்கள்? நான் போட்ட திரி புகைகிறதே தவிர எரிய மாட்டேன் என்கிறது. உடனே எழுது.

உன்,
குள்ளன்