ஸ்டுடியோவும் பிரிண்ட் கடையும் நடத்துபவர்களுக்கு: எந்தக் காகிதம் என்று எங்களிடம் சொல்லுங்கள்

வணக்கம்.

எங்கள் ஆச்சியின் படம் ஒன்று வீட்டில் இருக்கிறது. 1964-ல் எடுத்த புரோமைடு பிரிண்ட், அதாவது அந்தக் கால ஸ்டுடியோவில் கழுவிப் போட்ட கறுப்பு வெள்ளைப் படம். ஓரம் பழுத்துவிட்டது, ஒரு மூலையில் மடிப்பு விழுந்திருக்கிறது, ஆனால் முகம் அப்படியே இருக்கிறது. ஆச்சி இறந்ததும் அதை ஸ்கேன் செய்து, மடிப்பைச் சரிசெய்து, பெரிய அளவில் பிரிண்ட் எடுத்தோம். கண்ணாடி போட்டால் பளபளக்கிறது என்று வெறும் ஃபிரேம் மட்டும் போட்டுக் கூடத்தில் மாட்டினோம். ஆயுசுக்கும் இருக்கும் என்று சொல்லித்தான் கடையில் கொடுத்தார்கள். மூன்றே வருடத்தில் முகம் ஆரஞ்சு நிறத்துக்குப் போய்விட்டது. கழற்றிப் பார்த்தால் ஃபிரேமுக்குள் மறைந்திருந்த ஓரம் மட்டும் பழைய சாம்பல் நிறத்தில் இருந்தது. அம்மா அதைப் பார்த்துவிட்டு ஒன்றும் பேசவில்லை.

அந்தக் கடைக்காரர் ஏமாற்றினார் என்று நான் நினைக்கவில்லை. அவருக்கும் தெரிந்திருக்காது. அதனால்தான் உங்கள் எல்லோருக்குமாக இந்த மடலை எழுதுகிறேன்.

கறுப்பு வெள்ளைப் படம் எப்படி ஆரஞ்சு ஆகும்? பழைய புரோமைடில் இருப்பது வெள்ளி. மையைத் தெளித்து அச்சிடும் இங்க்ஜெட்டிலோ பெரும்பாலும் சயான் (பச்சை கலந்த நீலம்), மெஜந்தா (கருஞ்சிவப்பு), மஞ்சள் எல்லாம் கலந்துதான் சாம்பல் நிறம் வருகிறது. அதில் சயான் முதலில் வெளுத்தால் மிச்சமிருப்பது ஆரஞ்சு. 2000-ம் ஆண்டில் எப்சன் ஸ்டைலஸ் ஃபோட்டோ 870, 1270 பிரிண்டர்கள் வந்தபோது உலகம் முழுக்க இதே புகார் எழுந்தது. பல வருடம் நிற்கும் என்று சொன்ன படங்கள் சில வாரங்களிலேயே ஆரஞ்சு ஆயின. வெயில் காரணம் இல்லை, காற்றில் இருக்கும் ஓசோன்தான் காரணம். உடனே காய்வதற்காக, அந்தப் படங்களைப் போட்ட பளபளப்பான கிளாஸி காகிதத்தின் மேல்பூச்சில் கண்ணுக்குத் தெரியாத நுண்துளைகள் வைத்திருந்தார்கள். மை உள்ளே போகும் அதே துளை வழியாகக் காற்றும் போய்ச் சாய மையைத் தின்றது. இன்று கடைகளில் கிடைக்கும் 'உடனே காயும்' கிளாஸி பெரும்பாலும் இந்த நுண்துளை வகைதான்.

அதாவது காகிதத்தை மட்டும் தனியாகப் பார்த்துப் பயனில்லை. மையும் காகிதமும் ஜோடி. சாய மை, அதாவது டை இங்க், கரைந்து பூச்சுக்குள் இறங்குவது. பிக்மென்ட் மை நுண்ணிய துகள்களாக நிற்பது. அதை ஒளியும் காற்றும் அவ்வளவு சுலபமாகக் கரைத்துவிட முடியாது. காகிதப் பெட்டியில் 'இத்தனை வருடம் நிற்கும்' என்று போட்டிருக்கும் ஆண்டுக் கணக்கு அந்தக் கம்பெனி மையோடு, அந்தக் காகிதத்தில் சோதித்தது. பிரபலமான ஒரு சோதனைக் கணக்கில் 450 லக்ஸ் (லக்ஸ் என்பது வெளிச்சத்தின் அளவு) வெளிச்சத்தை நாளுக்கு 12 மணி நேரம் என்று வைத்துக்கொள்கிறார்கள். வேறு ரீஃபில் மை ஊற்றிய பிரிண்டருக்கு அந்த ஆண்டுக் கணக்கு பொருந்தாது.

அப்புறம், வெண்மை. 'சூப்பர் ஒயிட்' என்று சொல்லி விற்கும் காகிதத்தில் பெரும்பாலும் வெண்மையூட்டி சேர்த்திருப்பார்கள். துணி சோப்புத்தூளில் சேர்க்கும் அதே வகைப் பொருள்தான். புற ஊதாவை வாங்கி நீல ஒளியாகத் திருப்பித் தரும். காலப்போக்கில் அந்தச் சக்தி போய்க் காகிதம் தன் இயல்பான மஞ்சளுக்குத் திரும்பிவிடும். உங்கள் கல்லாப் பக்கத்திலேயே கள்ளநோட்டு பார்க்கும் விளக்கு இருந்தால், காகிதத்தை அதன் கீழே காட்டிப் பாருங்கள். பளிச்சென்று நீலமாக ஒளிர்ந்தால் வெண்மையூட்டி நிறைய இருக்கிறது. மங்கலாகவே இருந்தால் தலைமுறைப் படத்துக்கு அதை எடுங்கள்.

இன்னொன்று, ஓரத்தைக் கிழித்துப் பார்ப்பது. பிளாஸ்டிக் படலம் இழுபட்டுக் கிழிந்தால் அது ரெசின் பூசிய ஆர்.சி. காகிதம். சாதாரணத் தாள்போலக் கிழிந்தால், அது மலிவான கிளாஸி என்றால், வெறும் தாளின் மேல் பூச்சு ஏற்றியது. நம் ஊர் ஈரத்தில் சுருளும். எடையைப் பார்த்து ஏமாறாதீர்கள். 260 ஜி.எஸ்.எம்., அதாவது ஒரு சதுர மீட்டருக்கு 260 கிராம், என்பது தடிமனைப் பற்றி ஏதோ சொல்லும், ஆயுளைப் பற்றி ஒன்றும் சொல்லாது.

நீண்ட காலத்துக்கு என்றால் நூறு சதவீதப் பருத்திக் காகிதம். மரக்கூழில் இருக்கும் லிக்னின் அதில் இல்லை. லிக்னின்தான் செய்தித்தாளைப் பழுப்பாக்குவது. லிக்னின் நீக்கிய ஆல்ஃபா செல்லுலோஸ் காகிதமும் நல்லதுதான், விலையும் குறைவு. ஐ.எஸ்.ஓ. 9706 என்ற தரம் காகிதத்தில் இரண்டு சதவீதக் கால்சியம் கார்பனேட்டுக்கு ஈடான கார இருப்பு வேண்டும் என்கிறது. காற்றிலிருந்து வரும் அமிலத்தை அது முறித்துக்கொண்டே இருக்கும். வாங்கும்போது இதைக் கேளுங்கள்.

தங்கள் ஓவியத்தைப் பிரிண்ட் போட்டு விற்கும் நண்பர்கள் புதுச்சேரிக் கைக்காகிதத்தில் போட்டுத் தரச் சொல்லி உங்களிடம் வருவார்கள். பருத்தித் துணியில் செய்த அருமையான காகிதம், எனக்கும் அதன் மேல் ஆசை உண்டு. ஆனால் இங்க்ஜெட் பூச்சு இல்லாத தாளில் மை ஊறிப் பரவி நிறம் மங்கிவிடும். பூச்சுள்ள பருத்திக் காகிதத்தைக் காட்டி, வித்தியாசத்தை அவர்களையே பார்க்கச் சொல்லுங்கள்.

எல்லாப் படத்துக்கும் இது வேண்டாம். பிறந்தநாள் படத்துக்கும் கல்யாண வீட்டு வாசலில் வைக்கும் படத்துக்கும் இப்போது போடுவதே போதும். இறந்தவர் படம், பெரியவர்களின் கல்யாணப் படம், விலைக்குப் போகும் ஓவியம், இவற்றுக்கு மட்டும் "எத்தனை வருடம் இருக்கணும்?" என்று ஒரு கேள்வி கேளுங்கள். இரண்டு விலை சொல்லுங்கள். கூடுதலாகக் கொடுக்க முடியாதவர்கள் குறைந்ததை எடுப்பார்கள், சரி. ஆனால் தெரிந்து எடுப்பார்கள்.

பிரிண்ட்டை ஒரு நாளாவது காயவிட்டு ஃபிரேம் போடுங்கள். கண்ணாடி படத்தில் ஒட்டாமல் நடுவில் மவுண்ட் அட்டை வையுங்கள், அதுவும் அமிலமில்லாததாக இருக்கட்டும். முடிந்தால் ஒரு சோதனை: ஒரு பிரிண்ட்டின் பாதியைக் கறுப்பு அட்டையால் மூடி, உங்கள் கடை வெயில் படும் கண்ணாடியில் இரண்டு மாதம் ஒட்டிவைத்துப் பாருங்கள். எந்த விளம்பரத்தைவிடவும் அது உங்களுக்குச் சரியாகச் சொல்லும்.

கடைசியாக, ஃபிரேமின் பின்னால் ஒரு சீட்டு ஒட்டுங்கள். காகிதத்தின் பெயர், மை சாயமா பிக்மென்ட்டா, பிரிண்டர், தேதி. நாலு வரி போதும். ஆச்சியின் படத்தை மறுபடி போடக் கொடுக்கப்போகிறேன், புரோமைடு பத்திரமாக என்னிடம் இருக்கிறது. இந்த முறை அந்தச் சீட்டைக் கேட்டு வாங்குவேன்.

அன்புடன்,
உங்கள் வாடிக்கையாளர்களில் ஒருவர்