குலசைக்கு ஏன் ராக்கெட் வருகிறது

அன்புள்ள முருகேசா,

நலம், நலமறிய ஆவல். கருப்பட்டி வந்து சேர்ந்தது, பாதி தீர்ந்தும் விட்டது. “ஸ்ரீஹரிகோட்டா இருக்கும்போது குலசேகரப்பட்டினத்தில் இன்னொரு ராக்கெட் ஏவுதளத்துக்கு எதற்கு 986 கோடி?” என்று கேட்டிருந்தாய். நியாயமான கேள்விதான். பதில் வரைபடத்திலேயே இருக்கிறது.

இஸ்ரோவின் சின்ன ராக்கெட்டான எஸ்.எஸ்.எல்.வி.யை எடுத்துக்கொள். 34 மீட்டர் உயரம், 2 மீட்டர் விட்டம், 120 டன் எடை. 500 கி.மீ. உயரத்துக்கு அது கொண்டுபோய்ச் சேர்ப்பது 500 கிலோ. ஆயிரத்தில் நாலு பங்கு. முதல் அடுக்கில் 87 டன் திட எரிபொருள், இரண்டாவதில் 7.7 டன், மூன்றாவதில் 4.5 டன். இவற்றுக்கு மேலே வி.டி.எம். என்று ஒரு குட்டித் திரவ அடுக்கு, அதில் வெறும் 50 கிலோ. திட எரிபொருளைப் பற்றவைத்தபின் நடுவில் அணைக்க முடியாது. எரிந்து முடியும்போது வேகம் கொஞ்சம் கூடியோ குறைந்தோ நிற்கும். அந்தச் சில்லறையைச் சரிக்கட்டத்தான் வி.டி.எம்.

இப்போது வரைபடத்தைப் பார். பூமியைப் படம் எடுக்கும் செயற்கைக்கோள்கள் பெரும்பாலும் துருவங்களைச் சுற்றும் பாதையில் ஓடுபவை. அதற்கு ராக்கெட் தெற்கே போக வேண்டும். ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து நேர் தெற்கே விட்டால் வழியில் இலங்கை. எரிந்து தீர்ந்த அடுக்குகளை அடுத்தவர் தலையில் போட முடியுமா? அதனால் தென்கிழக்கே கிளம்பி, பிறகு தெற்கே வளைய வேண்டும். வினாடிக்கு 2 கி.மீ. வேகத்தில் போகிற ஒன்றை 40 டிகிரி திருப்ப மட்டும் எவ்வளவு வேகம் செலவாகும் என்று போட்டுப் பார்: 2×2×சைன் 20, கிட்டத்தட்ட வினாடிக்கு 1.37 கி.மீ. மேலே ஏறிக்கொண்டே வளைவதால் நடைமுறையில் இதைக் குறைக்கலாம், ஒழிக்க முடியாது. இஸ்ரோவின் பெரிய ராக்கெட்டான 320 டன் பி.எஸ்.எல்.வி. இதைத் தாங்கும். சின்ன ராக்கெட்டில் கம்ப்யூட்டர், ஒயர், பேட்டரி எல்லாம் ராக்கெட் சிறுத்த அளவுக்குச் சிறுப்பதில்லை. ஆகவே வளைவுக்கான செலவு முழுக்க செயற்கைக்கோளின் எடையிலிருந்துதான் கழியும். குலசையிலிருந்து நேர் தெற்கே திறந்த கடல். எந்த ஊரையும் தினமும் ஒரே உள்ளூர் நேரத்தில் கடக்கும் துருவப் பாதையான சூரிய ஒத்திசைவுப் பாதைக்கு 300 கிலோ கொண்டுபோகலாம். ஆனால் கிழக்குப் பக்கம் குலசைக்கும் இலங்கைதான் குறுக்கே நிற்கிறது. அந்தத் திசைக்கு ஸ்ரீஹரிகோட்டாவை விட்டால் வழியில்லை.

எஸ்.எஸ்.எல்.வி.யின் முதல் ஏவலில் என்ன தவறியது என்றும் கேட்டாய். 2022 ஆகஸ்ட் 7. மூன்று திட அடுக்குகளும் ஒழுங்காக எரிந்தன. இரண்டாவது அடுக்கு கழன்ற அந்தக் கணத்தில் அதிர்வு, கருவிகள் இருந்த தட்டில் எதிர்பார்த்ததைவிட அதிகமாக இறங்கியது. வேகம் மாறுவதை அளக்கும் முடுக்கமானிகள் எல்லாம் ஒரு நொடிப்பொழுது அளவு மீறிக் காட்டின. மென்பொருள் “எல்லாமே பழுது” என்று முடிவுகட்டி அவற்றை ஒதுக்கிவிட்டு, மாற்று வழிக்குத் தாவியது. உண்மையில் ஒரு கருவியும் கெடவில்லை! 356 கி.மீ. வட்டப்பாதைக்குப் பதிலாக ஒரு பக்கம் 360, எதிர்ப்பக்கம் 76 கி.மீ. உயரமுள்ள நீள்வட்டம் கிடைத்தது. 76 கி.மீ.யில் காற்று இருக்கிறது. இரண்டு செயற்கைக்கோள்களும் தப்பவில்லை. வேகத்தில் விழுந்த குறை ஏறக்குறைய ஒரு சதவீதம்தான். தாழ்பாதையில் வினாடிக்கு 1 மீட்டர் குறைந்தால் எதிர்ப்பக்கத்தில் சுமார் 3.5 கி.மீ. இறங்கிவிடும் என்பதை நினைவில் வை.

பெரிய ராக்கெட்டில் பிரிப்பு நடக்கும் இடத்துக்கும் கருவித் தட்டுக்கும் நடுவே அதிர்வை விழுங்க நிறைய உலோகம் இருக்கும். இங்கே அந்தத் தூரமும் இல்லை, கனமும் இல்லை. அதனால் இரண்டாவது அடுக்கின் பிரிப்பு முறையையே மாற்றினார்கள், கருவிப் பகுதியின் கட்டமைப்பைத் திருத்தினார்கள், அவசரப்பட்டுப் பழுது என்று சொல்லாதபடி மென்பொருளின் தர்க்கத்தையும் மாற்றினார்கள். 2023 பிப்ரவரி 10-இல் நடந்த இரண்டாவது ஏவலில் 450 கி.மீ. பாதை சரியாக அமைந்தது. 2024 ஆகஸ்ட் 16-இல் மூன்றாவது ஏவலில் போன இ.ஓ.எஸ்.-08 செயற்கைக்கோளும் அப்படியே. என்னைக் கேட்டால் மூன்று திருத்தங்களில் மென்பொருள் திருத்தம்தான் முக்கியமானது. அதிர்வு எங்கிருந்தும் வரும்.

நியூசிலாந்திலிருந்து கிளம்பும் எலக்ட்ரான் என்ற சின்ன ராக்கெட் வேறு வழி. 18 மீட்டர், 300 கிலோ வரை. பம்புகளை ஓட்டுவது பேட்டரி. தீர்ந்த பேட்டரி வெறும் சுமை என்பதால் இரண்டாவது அடுக்கு பறக்கும்போதே அதைக் கழற்றிப் போட்டுவிடுகிறது. கஞ்சத்தனம் என்றால் இதுதான்.

விலையில் சின்ன ராக்கெட் ஜெயிக்காது. 2021 ஜனவரியில் அமெரிக்காவின் பெரிய ராக்கெட்டான ஃபால்கன்-9 ஒரே தடவையில் 143 செயற்கைக்கோள்களை ஏற்றிப்போனது. கிலோவுக்கு என்று பார்த்தால் அதன் பக்கத்தில் நிற்க முடியாது. ஆனால் அது போகிற பாதையில்தான் இறங்க வேண்டும், அது கிளம்பும் தேதிக்குத்தான் காத்திருக்க வேண்டும். குறிப்பிட்ட பாதை, குறிப்பிட்ட நேரம் வேண்டும் என்பவர்கள்தான் எஸ்.எஸ்.எல்.வி.யின் வாடிக்கையாளர். இனி அதைத் தயாரிக்கும் உரிமை 511 கோடிக்கு, விமானம் கட்டும் அரசு நிறுவனமான ஹெச்.ஏ.எல். கைக்குப் போகிறது. எத்தனை பேர் அப்படி வருவார்கள் என்ற கவலையும் அவர்களுடையதாகிறது.

தசரா நாளில் ஏவல் தேதி வைத்தால் சாலையை எப்படி மூடுவார்கள்? ஊர்க்காரன் நீதான் எழுத வேண்டும்.

அன்புடன்,
சேகர்