வாரத்தில் ஒரு மாலை கதவைத் திறந்து வையுங்கள்

குமரி மாவட்டத்துப் படிப்பகங்கள், வாசகசாலைகள், கலை விளையாட்டுக் கழகங்களின் நிர்வாகிகளுக்கு,

வணக்கம்.

போன கிறிஸ்துமஸ் விடுமுறையில் விளவங்கோடு பக்கம் ஒரு படிப்பகத்தின் ஆண்டு விழாவுக்குப் போயிருந்தேன். முற்றத்தில் வடம் இழுப்பும் வழுக்கு மரமும், உள்ளறையில் செஸ் போட்டி. சனிக்கிழமைகளில் என் வீட்டுத் திண்ணையில் நான் செஸ் சொல்லிக்கொடுக்கும் பிள்ளைகளில் ஒருத்தி பெயர் கொடுத்திருந்தாள். பதினொரு வயது. அம்மா அண்டியாபீஸில், அதாவது முந்திரித் தொழிற்சாலையில், வேலை பார்க்கிறவர். ஒரு நாள் கூலியை விட்டுவிட்டு, இரண்டு பஸ் மாறி மகளைக் கூட்டி வந்திருந்தார்.

அவளுக்குக் கிடைத்த பலகையில் ஒரு வெள்ளைக் குதிரையைக் காணோம். அந்த இடத்தில் ஒரு கொல்லாங்கொட்டையை (முந்திரிக்கொட்டையை) வைத்திருந்தார்கள். கறுப்புக் காய்களோடு ஆடிய எங்கள் பிள்ளை, நடுவில் ஒரு கணம் அந்தக் கொட்டைதான் குதிரை என்பதை மறந்துவிட்டாள். அது துள்ளி வந்து அவளுடைய ராஜாவுக்கும் யானைக்கும் ஒருசேரக் குறி வைத்தது. யானை போனது, கொஞ்ச நேரத்தில் ஆட்டமும் போனது. மொத்தம் இருபது நிமிடம். தோற்றவர்கள் கிளம்பலாம் என்று மைக்கில் சொன்னார்கள். பஸ் ஸ்டாப்பில் நிற்கும்போது, "இனி எப்பம் சார் மேட்ச்?" என்று கேட்டாள். அடுத்த வருஷம் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

உங்களைக் குறை சொல்ல இதை எழுதவில்லை. வீடு வீடாக நன்கொடை பிரித்து, ராத்திரி கண்விழித்துப் பந்தல் கட்டி இந்த விழாக்களை நடத்துகிறவர்கள் நீங்கள். அதில் செஸ்ஸுக்கும் ஓர் இடம் கொடுத்திருக்கிறீர்களே, அந்த நம்பிக்கையில்தான் கேட்கிறேன். ஆண்டுக்கு ஒருநாள் நடக்கும் இந்த ஆட்டத்தை வாரத்துக்கு ஒருநாள் ஆக்கித் தாருங்கள்.

நம் ஊர்க்காரர் ஒருவரிடமிருந்தே தொடங்கலாம். நாகர்கோவிலில் பிறந்த ப. ஷ்யாம்நிகில் 2024 மே மாதம் இந்தியாவின் 85-வது கிராண்ட்மாஸ்டர் ஆனார். செஸ்ஸில் அதுதான் மிக உயர்ந்த பட்டம். எட்டு வயதில் பெற்றோர் ஆட்டம் கற்றுக்கொடுத்தார்கள். ஆனால் அடுத்த மூன்று ஆண்டுகள் அவர் போட்டி எதற்கும் போகவில்லை. 13 வயதுக்கு உட்பட்டோருக்கான மாநிலப் போட்டியில் வென்ற பிறகுதான் வெளிநாட்டு வாய்ப்புகள் வந்தன. கிராண்ட்மாஸ்டர் ஆக 2500 தரப்புள்ளிகளும் மூன்று 'நார்ம்'களும் வேண்டும். நார்ம் என்றால், வலுவான ஆட்டக்காரர்கள் கலந்துகொள்ளும் போட்டி ஒன்றில் கிராண்ட்மாஸ்டர் தரத்துக்கு ஆடிக் காட்டுவது. 2500-ஐயும் இரண்டு நார்ம்களையும் அவர் 2012-லேயே எடுத்துவிட்டார். மூன்றாவது நார்முக்குப் பன்னிரண்டு ஆண்டுகள் ஆயின. கடைசியில் துபாயில், ஒரு வெற்றியும் எட்டு டிராவுமாக அது கைக்கு வந்தபோது அவருக்கு வயது 31.

குகேஷ் 12 வயது 7 மாதத்தில் கிராண்ட்மாஸ்டர் ஆனதும், 18 வயதில் சிங்கப்பூரில் டிங் லிரனை வென்று உலக சாம்பியன் ஆனதும் எல்லோருக்கும் தெரியும். நம் பிள்ளைகளுக்கு நான் அதைவிட அதிகமாகச் சொல்வது ஷ்யாம்நிகிலின் பன்னிரண்டு ஆண்டுகளைத்தான். அவ்வளவு காலம் விடாமல் ஆடிய ஒருவர் பிறந்த மாவட்டம் இது. எத்தனை படிப்பகங்களில் அவர் படம் மாட்டியிருக்கிறது?

சென்னையில் மட்டும் இத்தனை கிராண்ட்மாஸ்டர்கள் எப்படி வந்தார்கள் என்று கேட்டால், பள்ளிகள், பயிற்சியாளர்கள், பணம் என்று பல காரணம் சொல்வார்கள். எல்லாம் உண்மைதான். ஆனால் அதற்கெல்லாம் முன்னால் ஓர் அறை இருந்தது. இந்தியாவின் முதல் சர்வதேச மாஸ்டர் (கிராண்ட்மாஸ்டருக்கு அடுத்த பட்டம்) மானுவேல் ஆரோன், ஒன்பது முறை தேசிய சாம்பியனாக இருந்தவர், 1972-இல் சோவியத் கலாச்சார மையத்தில் தால் செஸ் கிளப்பைத் தொடங்கினார். பின்னாளில் உலக சாம்பியனான விஸ்வநாதன் ஆனந்த் சிறுவனாக அங்கேதான் போய் ஆடினான். வென்றவர் அதே நாற்காலியில் தொடர்ந்து உட்காரலாம், தோற்றவர் எழுந்து வரிசையின் கடைசிக்குப் போக வேண்டும். இடத்தை விடாமல் இருக்கத்தான் வேகமாக ஆடப் பழகினேன் என்று ஆனந்தே சொல்லியிருக்கிறார். அங்கே தோற்றவரும் வீட்டுக்குப் போகவில்லை, வரிசையில்தான் நின்றார். அன்று மாலையே இன்னொரு முறை உட்கார்ந்தார்.

நம் விழாக்களில் நாக்-அவுட் முறை. 32 பிள்ளைகள் வந்தால் முதல் சுற்றிலேயே 16 பேர் வெளியே. அதே 32 பேரை சுவிஸ் முறையில் ஆடவிட்டால் ஐந்து சுற்றுகளில் முதலிடம் யாருக்கு என்று தெரிந்துவிடும், ஐந்து சுற்றையும் எல்லோரும் ஆடியிருப்பார்கள். ஒரே புள்ளியில் இருப்பவர்களை ஒருவரோடொருவர் மோதவிடுவார்கள், அவ்வளவுதான் விஷயம். தோற்ற பிள்ளைக்கு அடுத்த சுற்றில் தன் அளவுக்கு ஆடும் எதிராளி கிடைக்கும். ஒரு நோட்டும் பேனாவும் இருந்தால் போதும். ஜோடி போட நானே வந்து சொல்லித் தருகிறேன். கடிகாரம் வாங்கப் பணம் இல்லையென்றால் இப்போதைக்குப் பழைய மொபைல் ஒன்றில் செயலியை வைத்துக்கொள்ளலாம்.

அப்புறம் நகர்வுகளை எழுதுவது. படிப்பகத்தில் வைத்துக் கேட்கிறேன் என்பதால் இதை அழுத்திச் சொல்கிறேன். ஆனந்த் சிறுவனாக மணிலாவில் இருந்தபோது அங்கே பகல் நேரத்தில் டிவியில் செஸ் நிகழ்ச்சி வரும். மகன் பள்ளியில் இருக்க, அம்மா சுசீலா ஆட்டங்களையும் புதிரையும் குறித்து வைப்பார். சாயங்காலம் இருவரும் சேர்ந்து விடை கண்டுபிடித்து அனுப்புவார்கள். பரிசு ஒரு செஸ் புத்தகம். திரும்பத் திரும்ப வென்றதில், கடைசியில் அவர்களே அழைத்து, வேண்டிய புத்தகங்களை எடுத்துக்கொள், இனி விடை அனுப்பாதே என்று சொல்லிவிட்டார்களாம். எழுதி வைத்த ஆட்டத்தைத்தான் மறுபடி பார்க்க முடியும். எங்கள் பிள்ளை அந்தக் கொல்லாங்கொட்டை ஆட்டத்தை நினைவிலிருந்து முழுவதும் எழுதிக் கொண்டுவந்தாள். எந்த இடத்தில் ராஜாவை நகர்த்தியிருக்க வேண்டும் என்று அவளே பென்சிலால் வட்டம் போட்டிருந்தாள்.

இன்னொன்று, கொஞ்சம் தயங்கித்தான் சொல்கிறேன். நம் படிப்பகங்களில் மாலையில் பெண்பிள்ளைகளைப் பார்க்க முடிவதில்லை. கேரம் பலகையைச் சுற்றி அண்ணன்மார் நிற்பார்கள், பிள்ளைகள் வாசலோடு திரும்பிவிடுவார்கள். வைஷாலி 2023 டிசம்பரில் இந்தியாவின் 84-வது கிராண்ட்மாஸ்டர் ஆனபோது, ஹம்பி, ஹரிகாவுக்குப் பிறகு அந்தப் பட்டம் பெற்ற மூன்றாவது இந்தியப் பெண் அவர்தான். 84 பேரில் மூன்று பேர். வைஷாலி, பிரக்ஞானந்தா இருவரின் அம்மா நாகலட்சுமி பிள்ளைகளோடு நாடு நாடாகப் போய்ச் சமைத்துப் போட்டிருக்கிறார். அண்டியாபீஸ் போகிற அம்மாவால் அது முடியாது. நடந்து போகிற தூரத்தில், ஐந்து மணிக்குத் திறந்து ஏழு மணிக்கு மூடுகிற ஓர் அறை இருந்தால் அவரால் மகளை அனுப்ப முடியும். அம்மாக்கள் உட்கார வெளியே ஒரு பெஞ்சும் போட்டுவிடுங்கள்.

என்னிடம் மூன்று பலகைகளும் இரண்டு கடிகாரங்களும் இருக்கின்றன. ஒரு குதிரையும் குறையவில்லை. தக்கலையோ, கருங்கலோ, குளச்சலோ, அருமனையோ, எந்த ஊர் என்றாலும் சனிக்கிழமை மாலை வருவேன். சாவி யாரிடம் இருக்கும் என்பதை மட்டும் முன்கூட்டியே சொல்லிவையுங்கள்.

அன்புடன்,
சனிக்கிழமைத் திண்ணையில் செஸ் சொல்லிக்கொடுப்பவன்