ஸ்டோக் ரோ கிணற்று மாதிரி: திருப்பணி நிறைவு அறிக்கை

உறுப்பினர்கள் அனைவருக்கும் வணக்கம்.

சங்க மண்டபத்து நடையில் ஸ்டோக் ரோ கிணற்றின் மாதிரியை நிறுவும் வேலை முடிந்துவிட்டது. இதைப் போய்த் திருப்பணி என்பதா என்று பொதுக்குழுவில் ஒருவர் கேட்டார். காசி மன்னர் கொடுத்த கிணறு என்பதால் அந்தச் சொல் தாங்கும் என்று குழு முடிவு செய்தது.

இங்கிலாந்தின் ரெடிங் நகரிலிருந்து வடக்கே ஒன்பது மைல் தள்ளி, சில்டர்ன் குன்றுகளின் மேல் இருக்கிறது ஸ்டோக் ரோ என்ற அந்தச் சிற்றூர். ஒரு பள்ளி, 1846இல் கட்டிய தேவாலயம், ஊர் மண்டபம், செர்ரி மரத்தின் பெயர் கொண்ட ஒரு மதுவிடுதி. இன்றைய வசதிகளைச் சொல்ல அவ்வளவு போதும். அன்று இல்லாமல் போன வசதி தண்ணீர். அடியில் சுண்ணப்பாறை, பெய்த மழையை எல்லாம் உறிஞ்சி ஆழத்துக்கு அனுப்பிவிடும். களிமண் பள்ளங்களில் தேங்கியதைத்தான் மக்கள் மொண்டு குடித்தார்கள். கோடையில் அதுவும் வற்றிவிடும்.

பக்கத்து இப்ஸ்டன் ஊர்க்காரர் எட்வர்ட் ஆண்டர்டன் ரீட். இந்தியாவில் ஆங்கில அரசின் அதிகாரியாக இருந்தவர். 1831இல் ஆசம்கர் பகுதியில் ஒரு கிணறு வெட்ட உதவியவர். வீட்டில் மிச்சமிருந்த தண்ணீரைக் குடித்துவிட்டான் என்று ஒரு சிறுவனைத் தாய் அடித்த கதையை, தம் ஊர்ப் பக்கத்து வறட்சியை விளக்க அவர் சொல்லியிருக்கிறார். அது காசி மகாராஜா ஈஸ்வரி பிரசாத் நாராயண் சிங்கின் நினைவில் தங்கிவிட்டது. ரீட் ஊர் திரும்பிய பிறகு மகாராஜாவின் கொடை வந்தது. 1863 மார்ச்சில் தோண்டத் தொடங்கி, 1864 மே 24, விக்டோரியா அரசியின் பிறந்த நாளன்று, கிணற்றைத் திறந்தார்கள்.

நாலடி அகலம், 368 அடி ஆழம். முழுக்கக் கையால் தோண்டியது. லண்டன் செயின்ட் பால் தேவாலயத்தைத் தலைகீழாக உள்ளே இறக்கினாலும் சிலுவை அடியைத் தொடாது.

எங்கள் தொல்லையும் இந்த ஆழத்தில்தான் தொடங்கியது. பத்தில் ஒரு பங்கு என்று அளவு வைத்துக்கொண்டோம். குவிமாடமும் இரும்புத் தூண்களும் நீர் இறைக்கும் பொறியும் ஒரு மேசைக்குள் அடங்கிவிட்டன. கயிறு அடங்கவில்லை. 36 அடி 10 அங்குலம் வேண்டும். நம் நடையோ 28 அடி. கயிற்றைச் சுவரோரமாக ஓட்டி, மூலையில் திருப்பி, மிச்சம் ஒன்பதடியைச் சமையலறைக்குள் கொண்டுபோனோம். முடிவில் தொங்கும் குட்டி வாளி பாத்திரம் கழுவும் தொட்டிக்கு அருகில் நிற்கிறது. திட்டமிட்டதல்ல. ஆனால் தண்ணீர் கிடைக்கும் இடம் அதுதான்.

தச்சர் முதலில் செய்து தந்த குவிமாடம் வெங்காயம் போல இருந்ததால் திருப்பி அனுப்பினோம். ஒரு மாதம் போயிற்று. பொறியின் மேல் நிற்கும் யானைக்குப் பிள்ளைகள் சாம்பல் நிறம் பூசிவிட்டார்கள். அங்குள்ள யானை பொன் நிறம். இரண்டாம் பூச்சு அடித்தும் காதுக்குப் பின்னால் சாம்பல் தெரிகிறது. அதை அப்படியே விட்டுவிடும்படி பிள்ளைகள் கேட்டுக்கொண்டார்கள், விட்டுவிட்டோம்.

மாதிரிக்குப் பின்னால் பச்சைத் துணியில் ஒரு தோப்பு வைத்திருக்கிறோம். பலர் அது அலங்காரம் என்று நினைக்கிறார்கள். அதுதான் கணக்கு. கிணற்றைப் பார்த்துக்கொள்ள ஓர் ஆள், அவர் தங்கப் பக்கத்திலேயே சிறு வீடு, செலவுக்கு வருமானம் தரச் செர்ரித் தோட்டம் என்று எல்லாவற்றுக்கும் ஏற்பாடு செய்திருந்தார்கள். ஊராருக்குத் தண்ணீர் இலவசம். தோட்டத்துக்கு 'ஈஸ்ரீ பாக்' என்று பெயர். அங்கே காசி அரசின் சின்னமான மீனின் வடிவில் ஒரு குளமும் வெட்டினார்கள். கட்டுவதற்கு மட்டும் உண்டியல் குலுக்கிவிட்டுப் பராமரிப்பை மறந்துவிடும் நம் வழக்கத்தை நினைத்து, குழுவில் இருவர் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம்.

ஆகவே ஒரு தீர்மானம்: ஆண்டு விழாத் தேநீர்க் கடையின் வருமானம் இனி இந்த மாதிரியின் பராமரிப்புக்கு மட்டுமே போகும். வரவு செலவுச் சீட்டு அறிவிப்புப் பலகையில் இருக்கிறது.

கைப்பிடியைப் பிள்ளைகள் தாராளமாகச் சுற்றலாம். மூலையில் கயிறு சிக்கினால் இழுக்க வேண்டாம். சமையலறைப் பக்கம் நிற்பவரைத் தளர்த்தச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
திருப்பணிக் குழு